‘இல்லை’ இல்லாத சட்டமன்றம்

ஒரு காட்டில் சிங்கம் ராஜாவாக இருந்தது. தேர்தல் வைத்தார்கள். டெபாசிட் போயிற்று. சிங்கத்தின் கதை அவ்வளவுதான்.

பிறகு காடு மாநிலமாயிற்று. நூற்றொரு தொகுதி, நூற்றொரு உறுப்பினர். அதில் யார் பின்னால் அதிகம் பேர் நிற்கிறார்களோ அவர் முதலமைச்சர். கரடியார் தேன்வேந்தன் பின்னால் எண்பது பேர் நின்றார்கள். தேன் வடியும் என்று நின்றார்கள். முதலமைச்சர் கைகாட்டியவர்கள் அமைச்சர்கள். அமைச்சர்கள் சொல்வதைச் செய்வதற்கு அதிகாரிகள். செய்யாமலிருப்பதற்கும் அவர்கள்தான்.

எல்லோருக்கும் மேலே ஆளுநர். வேறு காட்டிலிருந்து அனுப்பப்பட்ட நாரை. மசோதாவில் அவர் காலெழுத்து விழுந்தால்தான் அது சட்டம். ஆனால் நாரை ஒற்றைக் காலில் நிற்கும் இனம். எழுதுகிற காலை மடக்கி இறகுக்குள் வைத்திருப்பார். கேட்டால், பரிசீலனை என்பார்கள்.

மேலவை என்றும் ஒன்று இருந்தது. மரத்தின் மேல் இருந்தது. கிளை முறிந்தது. பிறகு யாரும் ஏறவில்லை.

மிச்சமிருந்த அவை ஆலமரத்தடியில் கூடியது. அதை நடத்த ஒரு சபாநாயகர் வேண்டும். காது பெரிதாக இருக்கிறதே என்று கழுதையார் செவிச்செல்வரைத் தேர்ந்தெடுத்தார்கள். இரண்டு காதில் எதில் வாங்க வேண்டும், எதில் விட வேண்டும் என்பதை மட்டும் முதலமைச்சர் பார்த்துக்கொண்டார். பேசுவதையெல்லாம் பதிவு செய்ய மரங்கொத்தி அலகம்மை. ஆலமரத்துப் பட்டைதான் அவைக்குறிப்பு.

இனி விஷயத்துக்கு வருவோம்.

தேர்தலில் கரடியார் ஒரு வாக்குறுதி கொடுத்திருந்தார். “என் ஆட்சியில் ‘இல்லை’ என்ற சொல்லே இருக்காது!” கைதட்டல் மூன்று மலை தாண்டிக் கேட்டது. ஜெயித்த பிறகு யோசித்தார்கள். இல்லாததையெல்லாம் உண்டாக்குவது நாள்பட்ட வேலை. சொல்லை எடுப்பது அரை நாள் வேலை. அவையில் பேசக்கூடாத சொற்கள் என்று ஒரு பட்டியல் உண்டு. அதில் ‘இல்லை’யைச் சேர்த்தார்கள். யாராவது அதைச் சொன்னால் சபாநாயகர் இடது காதை அசைப்பார். அலகம்மை அந்தச் சொல்லை மட்டும் பட்டையிலிருந்து கொத்தி எடுத்துவிடுவார். தனியாக வந்தாலும் கொத்து, ஒட்டிக்கொண்டு வந்தாலும் கொத்து. ‘மழை பெய்யவில்லை’ என்றால் ‘மழை பெய்ய’ என்று நிற்கும். வாக்கியம் முடியாது. புகாரும் இருக்காது.

வாக்குறுதி நிறைவேறியது என்று காடெங்கும் தட்டி வைத்தார்கள்.

பாசிக்குளம் தொகுதியின் உறுப்பினர் ஒரு தவளை. பெயர் சேற்றரசு. தவளை என்பதால், கட்சித் தாவல் சட்டம் முதலில் உன்மேல்தான் பாயும் என்று எல்லோரும் பயமுறுத்தினார்கள். எதற்கு வம்பு என்று எந்தக் கட்சியிலும் சேராமல் சுயேச்சையாக நின்று ஜெயித்தவர். சுயேச்சைகளுக்குக் கடைசி வரிசை. பக்கத்து இருக்கை இன்னொரு சுயேச்சை, சாரைப்பாம்பு வளைவாணன். அவை வளாகத்துக்குள் யாரும் யாரையும் சாப்பிடக் கூடாது என்பது விதி பதினான்கு. அதனால் இருவருக்கும் நல்ல பழக்கம்.

பாசிக்குளத்தில் அப்போது நாலு விரல் தண்ணீர். தவளை விரலால். அதற்கு மேல் எண்ணத் தவளைக்கு முன்காலில் விரல் கிடையாது. அந்த நாலு விரலுக்குள் நானூற்றுப் பதினேழு தலைப்பிரட்டைகள். எல்லாம் சேற்றரசுவின் பிள்ளைகள். கால் முளைத்துவிட்டால் கரையேறிப் பிழைத்துக்கொள்ளும். முளைக்கப் பத்து நாளாகும். தண்ணீர் ஐந்து நாளைக்குத்தான் வரும்.

குளத்துக்கு மேலே பெரிய ஏரி. நிறையத் தண்ணீர். நடுவில் ஒரு மதகு. மூடிக் கிடந்தது. ஏரிக்குள் நீர்வளத் துறை அமைச்சர் எருமை கருமேகம் கழுத்தளவு முழுகிக் கிடந்தார். கேட்டால் கள ஆய்வு.

திங்கட்கிழமை காலை சேற்றரசு கிளம்பும்போது மனைவி குளத்தாயி மறித்தாள்.

“என்ன மாமா, இன்னிக்காவது கேட்பீங்களா?”

“கேள்வி நேரத்துல என் பேரு மூணாவது.”

“போன வாரம் ரெண்டாவதுன்னீங்க.”

“போன வாரம் வெளிநடப்பு ஆயிடுச்சு.”

“யாரு நடந்தா?”

“எதிர்க்கட்சி. எல்லாரும் எழுந்து ஓடினாங்க. மிதிபடாம இருக்க நானும் வெளிய தாவிட்டேன்.”

“எதுக்கு ஓடினாங்களாம்?”

“அத யாரும் சொல்லல.”

குளத்தாயி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். “மழைக்காலத்துல ஊரே தூங்க முடியாம கத்துற வாய். அந்த வாய நம்பித்தானே ஓட்டுப் போட்டோம்? அங்க போனா அடைச்சுக்குது.”

சேற்றரசுக்குச் சுருக்கென்றது. தாவிப் போய் இருக்கையில் உட்கார்ந்தார். பெயர் வந்ததும் எழுந்தார்.

“பேரவைத் தலைவர் அவர்களே! எங்கள் குளத்தில் தண்ணீர் இல்லை. மேல் ஏரி மதகைத் திறக்க அரசு முன்வருமா?”

சபாநாயகரின் இடது காது அசைந்தது. டொக், டொக், டொக்.

அமைச்சர் கருமேகம் ஏரியிலிருந்து நேரே வந்திருந்தார். சொட்டச் சொட்ட எழுந்தார். “உறுப்பினர் தம் குளத்தில் தண்ணீர் என்று பதிவு செய்திருக்கிறார். அரசைப் பாராட்டியதற்கு நன்றி.”

தட்டுவதற்கு மேசை கிடையாது. ஆளுங்கட்சி தரையைத் தட்டியது. அதில் நாலு பேர் யானை. சேற்றரசு இரண்டடி உயரம் எகிறி விழுந்தார்.

“ஐயா, நான் இல்லை என்றேன்!”

டொக்.

சபாநாயகர் பட்டையை எட்டிப் பார்த்தார். “‘ஐயா, நான் என்றேன்’ என்று இருக்கிறது. என்ன என்றீர்கள்?”

“இல்லை என்றேன்!”

டொக்.

“என்னவோ என்கிறார். அமருங்கள்.”

செவ்வாய்க்கிழமை வேறு வழியில் போனார். “எங்கள் குளம் வற்றிவிட்டது.”

அமைச்சர் துள்ளி எழுந்தார். எருமை துள்ளுவது அபூர்வம். “ஒழுங்குப் பிரச்சினை! ‘வற்றிவிட்டது’ என்பது ‘இல்லை’ மாறுவேடத்தில் வந்திருப்பது!”

சபாநாயகர் மதிய உணவுவரை யோசித்தார். பிறகு தீர்ப்பளித்தார். ‘வற்றியது’, ‘காய்ந்தது’, ‘தீர்ந்தது’ மூன்றும் பட்டியலில் சேர்ந்தன.

புதன்கிழமை சேற்றரசு சொன்னார்: “எங்கள் குளத்தில் சேறு மட்டும் இருக்கிறது.”

“‘இருக்கிறது’ என்கிறார்!” என்றார் அமைச்சர். “இரண்டு நாளாகத் தண்ணீர். இன்று கூடுதலாகச் சேறு. இவ்வளவு வளர்ச்சியை இந்த அவை கண்டதுண்டா?”

தரை அதிர்ந்தது.

அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. அவைக்குறிப்பைக் காக்கைகள் படித்துவிட்டு ஊர் ஊராகக் கத்தின. பாசிக்குளத்தில் தண்ணீர்! உறுப்பினரே சொன்னார்! மூன்று தொகுதி மான்களும் மாடுகளும் குடிக்க வந்துவிட்டன. எம்.எல்.ஏ. வாழ்க என்று ஒரு கோஷம் போட்டுவிட்டுத் தலையைக் குனிந்தன. நாலு விரல் இரண்டு விரலாயிற்று.

குளத்தாயி கத்தவில்லை. அதுதான் சேற்றரசுக்குப் பயமாக இருந்தது.

“ரெண்டு நாள் தாங்கும்” என்றாள். “நீங்க வாயைத் திறக்காமலே இருந்திருந்தா மூணு நாள் தாங்கியிருக்கும்.”

வியாழக்கிழமை அவை முடிந்ததும் சேற்றரசு ஆலமரத்தில் தத்தித் தத்தி ஏறினார். அலகம்மை அலகைக் கல்லில் தேய்த்துக்கொண்டிருந்தார்.

“அலகம்மா, ஒரே ஒரு ‘இல்லை’. திங்கட்கிழமை பேசினது. அத மட்டும் திரும்பப் பதிச்சுக் குடு.”

“ஓட்டையை எப்படிங்க திரும்பப் பதிக்கறது?”

சேற்றரசு சுற்றிலும் பார்த்தார். மரமே ஓட்டையாக இருந்தது.

“எதிர்க்கட்சித் தலைவர் பேசின பக்கத்தைப் பாருங்க, சல்லடை” என்றார் அலகம்மை. “ரெண்டு ஓட்டையில கிளி குடித்தனம் வந்தாச்சு. காலி பண்ணச் சொன்னா சண்டைக்கு வருது.”

சேற்றரசு பட்டையிலேயே ஒட்டிக்கொண்டு கிடந்தார். கண்ணெதிரே போன மாதத்துப் பதிவு. முதலமைச்சரைப் பாராட்டும் தீர்மானம். ஆம் என்றவர்கள் எண்பது. கீழே: ‘ஏகமனதாக நிறைவேறியது.’

“இது என்ன அநியாயம்? அன்னிக்கு இருபது பேரு ‘இல்லை’ன்னு கத்தினோமே!”

“கத்தினீங்க. காதே அடைச்சுது. கொத்திட்டேன்.”

“அப்ப எங்க எதிர்ப்பு?”

“ஏது எதிர்ப்பு? ஓட்டைய எண்ணச் சொல்லி விதி எங்கயும் இல்லீங்களே.”

சேற்றரசு திட்ட வாயெடுத்தார். பாதியில் நின்றார். தவளைக் கண் ஏற்கெனவே வெளியேதான் இருக்கும். அது இன்னும் கொஞ்சம் வெளியே வந்தது.

“அலகம்மா, இப்படிக் கொத்துறது அரசாங்கத் தீர்மானத்துக்கு மட்டுமா, எல்லாத்துக்குமா?”

“என் அலகுக்கு ஆளுங்கட்சி எதிர்க்கட்சி தெரியாதுங்க.”

“ஒருத்தன் மட்டும் ‘ஆம்’னு சொல்லி, மத்தவன் எல்லாம் மறுத்தா?”

அலகம்மை தேய்ப்பதை நிறுத்தினார். “அப்படி இதுவரைக்கும் நடந்ததில்லீங்க. நடந்தா...” தலையைச் சாய்த்துப் பார்த்தார். “ஏகமனதுதான்.”

அந்தக் காட்டில் ஒரு விதி. சாதாரணத் தீர்மானம் என்றால் அரசு கேட்கலாம், கேட்காமலும் இருக்கலாம். ஏகமனதான தீர்மானம் என்றால் அன்றைக்கே அமல். அரசு தன் வசதிக்காகப் போட்ட விதி.

வெள்ளிக்கிழமை தனி உறுப்பினர் நாள். அமைச்சர் அல்லாத சாதாரண உறுப்பினர்கள் அன்று தீர்மானம் கொண்டுவரலாம். பொதுவாக அன்று அவையில் சபாநாயகரும் ஈக்களும்தான் இருப்பார்கள். ஆனால் மதகைப் பற்றித் தவளை தீர்மானம் கொண்டுவருகிறது என்று அமைச்சருக்குத் தகவல் போய்விட்டது. ஆளுங்கட்சிக் கொறடா ஒரு ஓநாய். உறுப்பினர்களை வாக்கெடுப்புக்கு ஓட்டிக்கொண்டு வருவது கொறடாவின் வேலை. ஓநாய்க்குச் சொல்லித்தர வேண்டுமா? ஒருவர் பாக்கி இல்லாமல் வந்து சேர்ந்தார்கள். எதிர்க்கட்சியும் வந்தது. ஏரிக் குளியலில் மட்டும் இரண்டு கட்சிக்கும் ஒற்றுமை உண்டு.

“மேல் ஏரி மதகை உடனே திறக்க வேண்டும் என்று இந்த அவை தீர்மானிக்கிறது” என்று சேற்றரசு முன்மொழிந்தார். இரண்டு விரல் தண்ணீர் ஒரு விரலாகியிருந்தது.

அமைச்சர் சிரித்தார். “வாக்கெடுப்புக்கு விடலாம், தலைவர் அவர்களே.”

“ஏற்போர் ‘ஆம்’ என்க.”

“ஆம்!” ஒரு தவளைக் குரல். அவையே சிரித்தது.

“மறுப்போர் ‘இல்லை’ என்க.”

“இல்லை!”

தொண்ணூற்றெட்டுத் தொண்டைகள். இலை உதிர்ந்தது. ஓட்டையிலிருந்த கிளிகள் வெளியே வந்து விழுந்தன. வளைவாணன் மட்டும் வாய் திறக்காமல் சுருண்டு உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

சபாநாயகரின் காது பழக்கத்தில் அசைந்தது. டொக், டொக், டொக், டொக். கால் மணி நேரம் ஆயிற்று. சபாநாயகர் தம் வாயால் சொன்ன ‘இல்லை’யையும் சேர்த்து அலகம்மை கொத்தி முடித்தார்.

செவிச்செல்வர் பட்டையை வாசித்தார். “ஆம், ஒன்று. மறுத்தவர்கள்...” தேடினார். ஓட்டைக்குள் மூக்கை விட்டும் தேடினார். “காணோம். தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது.”

அவை எழுந்து நின்றது.

“நாங்கள் எல்லோரும் மறுத்தோம்!” என்றார் அமைச்சர்.

“பதிவில் காணோமே.”

“உங்கள் காதில் விழுந்ததா, விழவில்லையா?”

டொக்.

“விழுந்தது. ஆனால் நான் காதால் அவை நடத்த முடியாது. குறிப்பால்தான் நடத்த வேண்டும்.”

“பிரித்து, ஆள் ஆளாக எண்ணுங்கள்!”

“எதிர்ப்புப் பதிவானால்தான் பிரித்து எண்ணலாம்.”

“ஆளுநருக்கு அனுப்புங்கள். அவர் மூன்று வருடம் வைத்திருப்பார்.”

“மசோதாவுக்குத்தான் அவர் கால் வேண்டும். தீர்மானத்துக்கு வேண்டாம்.”

கரடியார் சபாநாயகரை முறைத்தார். செவிச்செல்வரின் இரண்டு காதும் தொங்கிப்போயின. “நீங்கள் போட்ட விதிதானே, முதல்வர் அவர்களே” என்றார், பாதிக் குரலில்.

மதகுக்கு அதிகாரி ஒரு நண்டு. தாளைப் பார்ப்பார், ஆளைப் பார்க்க மாட்டார். தீர்மானத்தின் நகலை வாங்கினார். பக்கவாட்டில் நடந்து போனார். கொடுக்கால் திருகினார். வெள்ளிக்கிழமை பொழுது சாய்வதற்குள் பாசிக்குளம் நிரம்பியது.

குளத்தாயி தண்ணீருக்குள் மூன்று முறை எண்ணினாள். நானூற்றுப் பதினேழு. ஒன்றும் குறையவில்லை. கணவனைப் பார்த்தாள். “வாய் இருக்குதான்” என்றாள். அவளுக்கு அது பெரிய பாராட்டு.

ஒரு வாரத்தில் பின்கால் முளைத்தது. அடுத்து முன்கால். கரையெல்லாம் குட்டித் தவளைகள். சேற்றரசு தொகுதிக்குள் தாவிப் போனால் நாலு பேர் கூடவே தாவினார்கள்.

மேலே ஏரி இறங்கிவிட்டது. எருமைக்கு முழங்கால்கூட நனையவில்லை. முதுகெல்லாம் வெடிப்பு. அமைச்சரே அவையில் எழுந்து, “எங்கள் ஏரியில் தண்ணீர் இல்லை” என்றார். டொக். “வாழ்த்துகள்” என்றார் கடைசி வரிசையிலிருந்து சேற்றரசு. அவருக்கு அன்று முழுக்க நல்ல பசி.

இதற்குள் எல்லோருக்கும் விஷயம் பிடிபட்டுவிட்டது. ஒரு ‘ஆம்’ போதும். ஆளுக்கொரு தீர்மானத்தோடு வந்தார்கள். வெள்ளிக்கிழமை போதவில்லை. தினமும் தனி உறுப்பினர் நாள் என்று ஒரு தீர்மானம் வந்தது. நிறைவேறியது. புலி புல் தின்ன வேண்டும் என்று மான் கொண்டுவந்தது. நிறைவேறியது. மான்கள் ஓடும்போது திரும்பிப் பார்க்க வேண்டும் என்று புலி கொண்டுவந்தது. அதுவும் ஏகமனதாக. காடு முழுவதும் தேன் முதலமைச்சருக்கு என்றார் கரடி. தேன் முழுவதும் தேனீக்கே என்றது தேனீ. இரண்டும் அமலில் இருந்தன. அதிகாரிகள் இரண்டையும் செய்யாமலிருந்தார்கள்.

கரடியார் சொல்லைத் திரும்பக் கொண்டுவந்துவிடலாம் என்று எழுந்தார். “‘இல்லை’ என்ற சொல் மீதான தடை நீக்கப்படுகிறது.”

டொக்.

“‘என்ற சொல் மீதான தடை நீக்கப்படுகிறது’ என்று இருக்கிறது” என்றார் சபாநாயகர். “எந்தச் சொல்?”

“அதுதான், அந்தச் சொல்.”

“பெயர் வேண்டும்.”

“இல்லை.”

டொக்.

“பெயர் சொல்ல மறுக்கிறார். அடுத்த அலுவல்.”

ஒரே ஒரு வழி இருந்தது. நூற்றொரு உறுப்பினரும் காலெழுத்திட்டு ஒரு மனுவாகக் கொடுத்தால் பட்டியலைத் திருத்தலாம். மனு எழுத்தில் வருவது. அதைக் கொத்த முடியாது. தொண்ணூற்றொன்பது பேர் போட்டுவிட்டார்கள். எருமை இரண்டு தரம் போட்டார், அவசரத்தில். மனு கடைசி வரிசைக்கு வந்தது. அலகம்மைதான் அலகில் கவ்விக்கொண்டு வந்தார்.

“போட்டுடுங்க ஐயா. என் அலகு தேஞ்சு பாதியாச்சு.”

சேற்றரசு மனுவைப் பார்த்தார். திங்கள், செவ்வாய், புதன் மூன்று நாளும் ஞாபகத்துக்கு வந்தன. கூடவே அடுத்த நாளைக்கு எழுதி வைத்திருந்த தீர்மானமும் வந்தது. பாசிக்குளம் நெடுகத் தாமரை இலை நிழற்குடை. அதற்கடுத்து, குளத்துக் கொசுவெல்லாம் குளத்துக்கே.

“என்ன அவசரம்?” என்றார். “நல்ல சட்டமாத்தானே இருக்கு?”

“அன்னிக்கு அழுதீங்களே!”

“அன்னிக்கு எனக்கு விதி தெரியாது.”

அலகம்மை வளைவாணன் பக்கம் திரும்பினார். அவருக்குக் கால் கிடையாது. வாலெழுத்துப் போடலாம் என்று தனிச் சலுகை உண்டு.

“அண்ணனே போடாதபோது நான் போட்டா நல்லா இருக்காது” என்றார் வளைவாணன்.

சேற்றரசுக்கு நெஞ்சு நிறைந்தது. தோழமை என்றால் இதுதான் என்று நினைத்துக்கொண்டார்.

மறுநாள் அலுவல் பட்டியலில் முதல் பெயர் வளைவாணன். அவையில் சேர்ந்து நாலு வருடத்தில் அன்றுதான் முதல் பேச்சு. நீளமாக எழுந்தார். எழுந்துகொண்டே இருந்தார்.

“பாசிக்குளத்துத் தவளைகள் இன்றுமுதல் சாரைப்பாம்புகளின் உணவு என்று இந்த அவை தீர்மானிக்கிறது.”

“ஏற்போர் ‘ஆம்’ என்க.”

“ஆம்” என்றார் வளைவாணன், மரியாதையாக.

“மறுப்போர்...”

“இல்லை! இல்லை! இல்லை! இல்லை!”

மழைக்காலம் முழுவதும் கத்துகிற வாய். அவ்வளவையும் கத்தியது. பக்கத்துத் தொகுதிவரை கேட்டது. டொக், டொக், டொக், டொக். அலகம்மை ஒவ்வொன்றாகக் கொத்தினார். கொத்தும்போது சேற்றரசு பக்கம் பார்க்கவில்லை.

“ஏகமனதாக நிறைவேறியது.”

“உறுப்பினரும் ஆதரித்திருக்கிறார்” என்றார் அமைச்சர் கருமேகம். “பெருந்தன்மை.” வெடித்த முதுகோடு தரையைத் தட்டினார்.

சேற்றரசு எகிறி விழுந்தார். “மனு! மனுவைக் கொண்டா, அலகம்மா!” போட்டார். நாலு விரலும் பதியப் போட்டார். நூறு ஆயிற்று. வளைவாணனிடம் நீட்டினார்.

“தவறா எடுத்துக்காதீங்க அண்ணே” என்றார் வளைவாணன். “நல்ல சட்டம்னு நீங்கதானே சொன்னீங்க?”

“நாலு வருஷமா பக்கத்துல உட்கார்ந்திருக்கோமே, தம்பி!”

“அதனாலதான் சொல்றேன். நீங்க உள்ளயே இருங்க. உள்ள விதி பதினாலு இருக்கு.” வளைந்து வெளியே போனார்.

சேற்றரசு குளத்துக்குப் பறந்தார் என்றே சொல்ல வேண்டும். அவ்வளவு தாவல். போய்ச் சேர்ந்தபோது வளைவாணனும் அவர் உறவினர்களும் திரும்பிக்கொண்டிருந்தார்கள். மெதுவாக. நடுவில் கொஞ்சம் பருத்து.

குளத்தாயி எண்ணினாள். முந்நூற்றுத் தொண்ணூற்றாறு. இன்னொரு தரம் எண்ணினாள். அதேதான்.

“நீங்க என்ன சொன்னீங்க?” என்றாள்.

“இல்லைன்னு சொன்னேன்.”

“நீங்களும் ஆம்னு சொன்னதா இந்தப் பாம்புங்க சொல்றாங்களே.”

சேற்றரசு மறுநாள் விடிந்ததும் அவை திறக்கும் முன்பே வாசலில் நின்றார். நேற்றைய தீர்மானம் செல்லாது என்று ஒரு தீர்மானம். ஒரே ஒரு ‘ஆம்’. ஏகமனது. நிம்மதியாக மூச்சு விட்டார். அதற்குள் வளைவாணன் எழுந்தார். இன்றைய தீர்மானம் செல்லாது என்று ஒரு தீர்மானம். அதுவும் ஏகமனது. அதற்குச் சேற்றரசு ஒன்று. அதற்கு வளைவாணன் ஒன்று. மாலைவரை இப்படியே போயிற்று. மற்றவர்கள் தீர்மானத்துக்கு நேரமே கிடைக்கவில்லை. புலி கொட்டாவி விட்டது.

சபாநாயகர் நேரம் ஒதுக்கும் குழுவைக் கூட்டினார். நடுநிலையான கழுதை. இரண்டு பேருக்கும் நாளுக்கு ஒன்று என்று பிரித்துக் கொடுத்தார். வளைவாணனுக்குக் காலை பதினொரு மணி. சேற்றரசுக்குப் பதினொன்றரை. நடுவில் அரை மணி தேநீர் இடைவேளை. அப்போது அவையில் எதுவும் நடக்கக் கூடாது.

“எனக்குப் பதினொன்று அஞ்சுன்னு குடுங்க, தலைவரே!” என்று கெஞ்சினார் சேற்றரசு. “இடைவேளை வேண்டாம்னு சொல்லலாமே!”

“இடைவேளை ஏகமனதாக முடிவானது” என்றார் சபாநாயகர். “நீங்களும் ஒப்புக்கொண்டிருக்கிறீர்கள். பாருங்கள், பட்டையில்.”

அப்படித்தான் அந்தக் காட்டில் இன்றும் நடக்கிறது. நாளுக்கு இருபத்துமூன்றரை மணி நேரம் பாசிக்குளத்துத் தவளைகள் சுதந்திரக் குடிமக்கள். அரை மணி நேரம் உணவு. இடைவேளை மணி அடித்ததும் எல்லா உறுப்பினர்களும் தேநீருக்குப் போவார்கள். வளைவாணன் மட்டும் போவதில்லை. அவர் தொகுதி மக்களோடு குளத்தங்கரைக்கு வருகிறார். குளத்தாயி எல்லோரையும் சேற்றுக்குள் தள்ளி, கடைசியாகத் தானும் இறங்குகிறாள். மேலே ஏதோ நெளிகிற சத்தம் கேட்கும். பதினொன்றரைக்கு ஆலமரத்துப் பக்கத்திலிருந்து ஒரு ‘ஆம்’ கேட்கும். அதன் பிறகு தலையை வெளியே நீட்டி எண்ணுவாள். பெரும்பாலும் சரியாக இருக்கும். சில நாள் ஒன்று குறையும்.

சேற்றரசுக்குக் காய்ச்சல் வந்தாலும் அவைக்குப் போகிறார். புயலிலும் போகிறார். ஒரு நாள் போகாவிட்டால் அந்த அரை மணி மறுநாள்வரை நீளும். ஆறு வருடமாக ஒரு நாள்கூட விடுப்புக் கிடையாது. அவருக்குச் சிறந்த சட்டமன்ற உறுப்பினர் விருது கொடுத்தார்கள். முன்மொழிந்தவர் வளைவாணன். சேற்றரசு எனக்கு வேண்டாம், இல்லை, இல்லை என்று கத்தினார்.

ஏகமனதாகக் கிடைத்தது.

நீதி: மக்களாட்சியில் எல்லோருக்கும் நேரம் ஒதுக்கப்படும், நம்மை விழுங்குகிறவருக்கும். அந்த அரை மணி நேரம் சேற்றுக்குள் இருக்கவும்.